ஏழாவது வரிசை

அக்டோபர் 5, 1999

பஸ் இன்று இருபது நிமிடம் தாமதம். என்னால்தான். கீழே இறங்கிய பிறகுதான் சாக்ஸபோனின் கழுத்துப்பட்டை நினைவுக்கு வந்தது. மறுபடி மூன்று மாடி. ஆம்ஸ்டர்டாம் வீட்டுப் படி அறுபத்து மூன்று வயதுக்காரனுக்குப் படியல்ல, ஏணி. மூச்சு வாங்கிக்கொண்டு ஓடினால் பஸ் நிற்கிறது. எங்கள் இசைக்குழுவினர் பத்துப் பேரும் உள்ளே அமைதியாகச் சீஸ் ரொட்டி தின்றுகொண்டிருந்தார்கள். ஒருவரும் திட்டவில்லை.

எங்கள் பஸ் யாருக்காகவும் நின்றதில்லை. எழுபத்தெட்டில் ஆர்ன்ஹெம் ஊரில் என்னையே விட்டுவிட்டுப் போனது. நான் குழுவின் தலைவன். அதை ஊரெல்லாம் சொல்லிப் பெருமைப்பட்டேன்.

பியானோ வாசிக்கும் ஆஃப்கே நகர்ந்து இடம் கொடுத்தாள். "உக்காருங்க, ரூலோஃப்." இருபது வருடமாக என்னை 'நீ' என்று கூப்பிட்டவள்.

அக்டோபர் 9

காது டாக்டர். வலது காது அநேகமாகப் போய்விட்டது. இடதும் அதே வழியில்தான்.

"டிரம்ஸ் உங்களுக்கு எந்தப் பக்கம்?" என்று கேட்டார். வலது பக்கம். முப்பது வருடமாக அங்கே சீபெ உட்கார்ந்து போட்டு அடிக்கிறான். டாக்டர் தலையை ஆட்டி எழுதிக்கொண்டார்.

வீட்டுக்கு வந்து மனைவி டீனெகேயிடம் சொன்னேன். "நாலு வருஷமா நம்ம வீட்டு டிவி கத்துறது கீழ் வீட்டுக்காரங்களுக்கே தெரியும். நீதான் பாக்கி," என்றாள். குழுவில் யாருக்கும் தெரிய வேண்டாம் என்றேன். பட்டாணி சூப்பை ஊற்றிக் கிண்ணத்தை என் பக்கம் தள்ளினாள்.

அக்டோபர் 17

உட்ரெக்ட் கச்சேரியை ரேடியோக்காரர்கள் பதிவு செய்திருந்தார்கள். ஒலிநாடா வந்தது. ஹெட்போனை இடது காதில் அழுத்திக்கொண்டு கேட்டேன்.

இரண்டாவது உருப்படி, 'மீன்சந்தை மார்ச்'. எழுபத்திரண்டில் நான் எழுதியது. மூச்சு விடாமல் ஓட வேண்டியது. அதில் நான் எல்லா இடத்திலும் தாளத்தில் அரை அடி பின்னால் வருகிறேன். அதுகூடப் பரவாயில்லை, கிழவன் பிசகுவான். ஆனால் என் பகுதி நெருங்கும்போதெல்லாம் பத்துப் பேரும் நடையைக் குறைக்கிறார்கள். நான் வந்து சேர்ந்ததும் மறுபடி கிளம்புகிறார்கள். மூன்று தரம் கேட்டேன். தற்செயல் இல்லை. பேசி வைத்துச் செய்கிறார்கள்.

யாருக்கும் அடங்காத குழு என்று எங்களுக்குப் பெயர். தெருவில் பாட்டியைக் கைபிடித்துக் கூட்டிப்போவது போல என்னைக் கூட்டிப்போகிறார்கள். அவமானமாக இருக்கிறது. வேறென்ன எழுத.

அக்டோபர் 18

சீபெயைக் காப்பிக்குக் கூப்பிட்டேன். என் கல்யாணத்தன்று, டீனெகேயின் அப்பாவை வைத்துக்கொண்டே, "இந்தக் கோட்டுல நீ பிணம் தூக்குறவன் மாதிரி இருக்கடா" என்று சொன்னவன். மனதில் பட்டதை மூஞ்சிக்கு நேரே சொல்வதுதானே எங்கள் ஊர் வழக்கம்.

"எனக்காக நிக்கிறீங்களா?"

"எங்க?"

"மீன்சந்தையில."

அவன் பிஸ்கட்டைக் காப்பியில் முக்கினான். "இல்லையே. நீ எப்பவும் போலத்தான் வாசிக்கிற."

பொய். முப்பது வருடத்தில் என்னிடம் அவன் சொன்ன முதல் பொய். காது போனதைவிட இதுதான் வலிக்கிறது.

அவனாகவே பழைய கதைக்குத் தாவினான். குழு தொடங்கிய அன்று ஒத்திகை நடந்த பள்ளிக்கூடச் சுவரில் நான் கரியால் எழுதிய சட்டம்: 'சொல்ல ஒன்றுமில்லாதவர் மேடையை விட்டு இறங்கிச் சபையில் உட்காரவும்.' பாதிப் பாட்டானாலும் சரி. "எங்கம்மா வந்திருந்த அன்னிக்குப் பாத்து என்னை இறக்கி விட்டியேடா," என்றான். சிரித்தோம்.

எல்லோரும் இறங்கியிருக்கிறார்கள். சிலர் தாமாக, பலர் நான் விரலை நீட்டியதால். நான் ஒரு தரமாவது இறங்கியிருக்கிறேனா?

அக்டோபர் 24

ஒத்திகை. மறுபடியும் எனக்காக நின்றார்கள். அசதி.

அக்டோபர் 30

முப்பதாம் ஆண்டுக் கச்சேரி. அரங்கு நிறைந்திருந்தது. டீனெகே ஏழாவது வரிசை ஓரத்தில், பக்கத்து இருக்கையில் தன் கோட்டைப் போட்டு வைத்திருந்தாள்.

மீன்சந்தை. என் பகுதி நெருங்கியது. நடை தளர்ந்தது, காலடிப் பலகையின் அதிர்விலேயே தெரிந்தது. ஆஃப்கே என்னைப் பார்த்துப் புன்னகைத்தாள். நோயாளியைப் பார்க்கும் புன்னகை.

சாக்ஸபோனைத் தாங்கியில் வைத்தேன். படியிறங்கி நடந்தேன். டீனெகே கோட்டை எடுத்துக்கொண்டாள்.

அவர்கள் அந்த இடத்திலேயே சுற்றிச் சுற்றி வந்தார்கள். காலி நாற்காலிக்காகக் காத்திருந்தார்கள். போங்களேன், போய்த் தொலையுங்களேன் என்று உள்ளுக்குள் கெஞ்சினேன். சீபெ மேடையிலிருந்து கண்ணாலேயே இருட்டில் என்னைத் தேடிப் பிடித்தான். நான் விரலை நீட்டினேன், அவனை இறக்க அல்ல, முன்னால் போ என்று. ஓங்கி ஓர் அடி. பிய்த்துக்கொண்டு கிளம்பினார்கள்.

இடது காதைத் திருப்பி வைத்துக் கேட்டேன். அந்த வேகம் எழுபத்திரண்டில்கூட எங்களிடம் இருந்ததில்லை. சந்தோஷமாக இருந்தது. அழுகையும் வந்தது. டீனெகே கைக்குட்டை தரவில்லை, அவளுக்கே தேவைப்பட்டது.

முடிந்ததும் சீபெ வியர்வையோடு வந்து நின்றான். "எப்படி?"

"டிராம்போன் சத்தம் ஜாஸ்தி."

"நீ இல்லாம நல்லா இருந்துச்சுடா," என்றான்.

கட்டிப்பிடித்தேன். "அடுத்த சனிக்கிழமை ஸ்வொல்லேயில கச்சேரி. ஒம்பதுக்குப் பஸ். வந்தா வா," என்றான்.

நவம்பர் 6

ஒன்பது ஐந்துக்குப் போய்ச் சேர்ந்தேன். பஸ் போய்விட்டிருந்தது.

ரயிலேறி ஸ்வொல்லே போனேன். ஏழாவது வரிசையில் இடம் இருந்தது.