ஒண்ணு போட்டா மூணரை

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் நல்லா இருக்கேன். உன் முட்டி வலி தேவலையா?

தண்ணி சுட வைக்கிற ஹீட் பம்ப் எவ்வளவு திறமையா ஓடுதுன்னு கணக்குப் போடச் சொன்னார் சூப்பர்வைசர். சரியா போட்டா டெஸ்டிங் வேலை, இல்லன்னா பழையபடி பைப் சுமக்கணும். ஒரு கிலோவாட் கரண்டுக்கு மூணரை கிலோவாட் சூடுன்னு வந்துச்சு. போட்டதைவிட அதிகமா எப்படி வரும்னு பயந்து அந்த விடையைக் கோடு போட்டு அடிச்சுட்டேன்.

“ஏன்டா அடிச்ச? குளிர் காத்துலயும் சூடு இருக்கு, அதைத்தான் மிஷின் இழுத்து உள்ள தள்ளுது. மூணரைதான் சரி. நாளைக்கு டெஸ்டிங்குக்கு வா!”ன்னார்.

கணக்குல முட்டை வாங்கினவன்மா நான்! இதை அப்பாவுக்குச் சத்தமா படிச்சுக் காட்டு.

பரண்ல தூக்கிப் போட்ட என் சயின்ஸ் புக்கை அனுப்பு. கூடவே உன் பழைய புடவை ஒண்ணு, போர்வைக்குள்ள வெச்சுக்க. குளிரெல்லாம் இல்ல, சும்மாதான்.

வேன்காரன் ஹாரன் அடிக்கிறான், ஓடறேன்.

உன் மூத்தவன்