படத்தில் நீ செத்த அன்று லயமே குளித்தது

அன்பு மகள் வசுமதிக்கு,

கேமரன் மலையின் கடைசிப் பேரறிஞனும் முட்டைக்கோஸ் லோரி ஓட்டிகளின் சக்கரவர்த்தியுமான உன் சித்தப்பன் எழுதுவது. இங்கே நான், உன் அம்மா, குளிரில் விறைத்துப்போன நம் கோழிகள் எல்லோரும் சுகம். ஹாலந்தில் நீயும் உன் கலையும் சுகந்தானா, இரண்டில் ஒன்றாவது வேளைக்குச் சாப்பிடுகிறதா?

நீ அனுப்பிய வீடியோக்களைப் பார்த்துவிட்டுக் கண்ணுக்கு மருந்து போட்டுக்கொண்டிருக்கிறேன். விடிந்ததிலிருந்து பொழுது சாயும்வரை ஒரு மண்டபத்தில் தேயிலைக் கூடையோடு அசையாமல் நிற்கிறாய், வெள்ளைக்காரர்கள் கண் கலங்குகிறார்கள். இங்கே அப்படி நின்றால் கங்காணி அரை நாள் கூலிக்குக்கூடப் பேர் போடமாட்டார். அப்புறம் ஓவியம் என்றாய். தேயிலைச் சக்கையை நாங்கள் ரோஜாச் செடிக்குக் கொட்டுகிறோம், நீ துணியில் அப்பிச் சட்டம் போட்டு மாட்டுகிறாய். ரோஜாவாவது பூக்கும். இப்போது சினிமா.

அடுத்த படத்தில் அம்மா நடிக்க வேண்டும், நீங்கள்தான் சம்மதம் வாங்க வேண்டும் என்று போனில் கெஞ்சினாயே, அதற்காக மலையே நடுங்கும் திட்டம் ஒன்று போட்டேன். உன் முதல் படத்தைக் கோயில் மண்டபத்துச் சுவரில் காட்டினால் அண்ணி பெருமையில் உருகிவிடுவார் என்று கம்போங் ராஜா டவுனுக்குப் போய் புரொஜெக்டர் இரவல் வாங்கி, வரிசை வீடு ஒன்றுகூட விடாமல் லயத்தையே கூட்டினேன். நான் அதை முன்கூட்டியே பார்க்க உட்கார்ந்து, பேர் போடும்போதே தூங்கிவிட்டேன், அதுவும் உன் குற்றமே. பாதிப் படத்தில் வெள்ளைத் துணிக்குள் பிணமாய்க் கிடக்கிறாய். கிடந்தாய், கிடந்தாய், ஒரு யுகம் கிடந்தாய். எதிர்வீட்டு விக்னேஸ்வரி அக்கா முதலில் மூக்கைச் சிந்தினார், பிறகு மாரில் அடித்துக்கொண்டு ஒப்பாரியே வைத்துவிட்டார், மண்டபமே சேர்ந்து அழுதது. புரொஜெக்டரைப் பிடித்திருந்த தர்மேந்திரன், “ஐயோ, அவ ஹாலந்துல நல்லாத்தான் இருக்கா லா, நேத்துகூட மெசேஜ் போட்டா!” என்று கத்தினான், யார் கேட்டார்கள்? படம் முடிந்து ஒருத்தரும் வீட்டுக்குள் நுழையவில்லை. சாவைப் பார்த்த தீட்டாம். பல் கிட்டும் குளிரில் லயம் முழுவதும் வாசலில் நின்று தலையில் தண்ணீர் ஊற்றிக்கொண்டது. முதல் வாளி உன் அம்மாவுடையது. நடிப்புத்தானே அண்ணி என்றேன். “தெரியும் தம்பி. ஆனா என் கண்ணு பாத்துருச்சே” என்றார்.

அப்புறம் உன் அம்மா அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. உன் அடுத்த படமும் குளித்துவிட்டுப் போய்விட்டது என்றுதான் நினைத்தேன். நேற்று கீரை ஆய்ந்துகொண்டே, தலை நிமிராமல் சொன்னார்: “அவள வரச் சொல்லுங்க, நடிக்கிறேன். ஆனா அந்தப் படத்துல கடைசி வரைக்கும் அவ உசுரோட இருக்கணும். யாராச்சும் சாகணும்னா நான் படுத்துக்கறேன்.” மூன்று மாநிலத்துக்கும் கேட்கிற வாய்க்காரன் நான், பக்கத்தில் உட்கார்ந்து பாதிக் கீரையை ஆய்ந்து கொடுத்தேன்.

மாரியாத்தா புண்ணியத்தில் நூறு வயது தாண்டி இரு. கம்பளிச் சட்டை போடாமல் எங்கும் நிற்காதே, கலைக்காகக்கூட. மறக்காதே, ஒருத்தரும் சாகாத கதையாக எழுதிக்கொண்டு சீக்கிரம் வந்து சேர். பார்க்கிறவர்களுக்குச் சலிப்பாகத்தான் இருக்கும். நீ எடுப்பதில் எது சலிப்பாக இல்லை?

இப்படிக்கு,
உன் கலைக்குப் பரம விரோதி, உனக்கு மட்டும் சித்தப்பா,
வீரப்பன்