அண்ணனிடம் கேட்காத கையெழுத்து

மார்ச் 3

அண்ணா,

அண்ணியின் முழங்கால் வலி தேவலையா? நான் இங்கே நலம் என்று பொய் எழுத மனம் வரவில்லை.

நீ வேலை பார்க்கிற மருத்துவமனை, நான் தைத்துக் கொடுத்ததற்குப் பணம் தர முடியாதென்று எழுதியே அனுப்பிவிட்டது. சரக்கே வரவில்லையாம்! வார்டு முழுக்கக் கட்டிலைச் சுற்றித் தொங்குகிற பச்சைத் திரைச்சீலையெல்லாம் வானத்திலிருந்தா விழுந்தது? வேறு கடையில் வாங்கியது என்கிறார்கள். வக்கீல் முதலில் கேட்டதே டெலிவரி சீட்டைத்தான். கொடுத்தேன். பெற்றுக்கொண்டவர் கையெழுத்துப் போடுகிற இடம் வெறுமையாகக் கிடந்தது.

"என்னம்மா, இதைக்கூடவா வாங்கல?" என்றார்.

என்ன சொல்வேன்? ஸ்டோரில் எண்ணி இறக்கியது என் கூடப்பிறந்தவன். அன்றைக்குச் சீட்டை நீட்டியபோது, "அண்ணன் மேலயே நம்பிக்கை இல்லையா?" என்று சிரித்தாய். வெட்கப்பட்டு அதை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டேன். எல்லாரிடமும் கறாராக இருப்பவள் உன்னிடம் கோட்டை விட்டேன்.

துணி கடன் கொடுத்தவர் தினமும் வந்து வாசலில் உட்காருகிறார். தையல் மெஷின்களை எடுத்துக்கொண்டு போய்விடுவாராம். தைக்கிற பெண்கள் சம்பளம் கேட்பதையே விட்டுவிட்டார்கள், அதுதான் தாங்கவில்லை. பதினெட்டாம் தேதி கோர்ட். வந்து, "நான்தான் வாங்கினேன்" என்று ஒரு வார்த்தை சொல். உன் காலில் விழுகிறேன்.

உன் வாயாடி


மார்ச் 8

வாயாடிக்கு,

படித்தேன். உன் அண்ணியிடம் காட்டவில்லை.

முதலாளி என்னைக் கூப்பிட்டார். "உன் தங்கச்சி கேஸாமே? ஸ்டோருக்கு எதுவும் வரலைதானே?" என்றார். தலையாட்டிவிட்டு வந்தேன். குடியிருப்பது அவர் கொடுத்த வீடு. இந்த வயதில் எனக்கு யார் வேலை தருவார்கள்?

ஜனவரி ஒன்பதாம் தேதி உன் வண்டியிலிருந்து நூற்றிருபது பச்சைத் திரைச்சீலைகளை எண்ணி இறக்கி ஸ்டோரில் வைத்தவன் நான்தான். குறைவில்லை, பழுதில்லை. ஆனால் கோர்ட்டுக்கு வர என்னால் முடியாது. என்னைத் திட்டிக்கொள்.

இப்படிக்கு,
ஸ்டோர் கீப்பர்


மார்ச் 12

அண்ணா,

ஸ்டோர் கீப்பராம்! தங்கைக்கு எழுதும்போதுகூட அண்ணன் என்று போட மனம் வரவில்லையா?

உன் கடிதத்தைப் பார்த்ததும் வக்கீல் எழுந்தே நின்றுவிட்டார். "இது போதும்மா, சீட்டே வேணாம்!" என்று கையை நீட்டினார். நான் கொடுக்கவில்லை. நீ எனக்குத்தான் எழுதினாய், கோர்ட்டுக்கு இல்லை. இத்துடன் திருப்பி அனுப்புகிறேன், அடுப்பில் போட்டுவிடு.

நேற்று மெஷின்களைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள். பெண்கள் வெறும் மேஜையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். அப்போதும் உன் கடிதம் என் பைக்குள்தான் இருந்தது. உன்னையும் அண்ணியையும் தெருவில் நிறுத்திவிட்டு நான் எப்படித் தூங்குவேன்? ஆனால் இனி எனக்கு எழுதாதே. உன் கையெழுத்தைப் பார்த்தாலே வயிறு எரிகிறது.

வாயாடி


மார்ச் 15

அசட்டுத் தங்கைக்கு,

எழுதாதே என்றாய், எழுதுகிறேன்.

தேதி, எண்ணிக்கை, நிறம், பழுதில்லை என்று ஒரு ஸ்டோர் கீப்பர் எதற்காக எழுதுவான்? படித்தாயா, அழுதுகொண்டே இருந்தாயா? நானாக வந்து சொல்லத் தைரியமில்லை. நீ அதை வக்கீலிடம் கொடுப்பாய், கோர்ட் என்னை இழுக்கும், "நான் என்ன பண்ண, தங்கச்சி மாட்டி விட்டுட்டா" என்று முதலாளியிடம் தப்பித்துக்கொள்ளலாம் என்று மனக்கணக்குப் போட்டேன். பழியை உன் தலையில் கட்டப் பார்த்தேன். நீயோ மெஷினைக் கொடுத்துவிட்டுக் கடிதத்தைத் திருப்பி அனுப்பித் தொலைத்தாய். வெட்கமாக இருக்கிறது.

எல்லாக் கடிதங்களையும் உன் அண்ணியிடம் காட்டினேன். "வீட்டைக் காலி பண்ணலாம், எழுந்திருங்க" என்றாள். முழங்காலைப் பிடித்துக்கொண்டே பாத்திரங்களை மூட்டை கட்டுகிறாள். ஸ்டோர் சாவியை முதலாளியின் மேஜையில் வைத்துவிட்டு வந்தேன்.

பதினெட்டாம் தேதி காலையில் கோர்ட் வாசலில் நிற்பேன். அந்தச் சீட்டைக் கொண்டு வா. ஜனவரி தேதியைப் போடாமல் பதினெட்டு என்றே போட்டு, தாமதமாகப் போடுகிறேன் என்றும் எழுதிக் கையெழுத்துப் போடுகிறேன். நீ சீட்டை நீட்டு. இந்தத் தடவை சிரிக்கமாட்டேன்.

உன் அண்ணன்