அண்டாவைத் திருப்பி அனுப்புங்கள்

கீரப்பாளையம்,
புரட்டாசி கடைசி வெள்ளி.

தெப்பநாட்டின் பாரம் காக்கும் மதிப்புக்குரிய சம்பந்தி வைத்திலிங்கம் அவர்களுக்கு, பொன்னுரங்கம் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. நானும் உங்கள் சம்பந்தியம்மா புஷ்பவள்ளியும் இங்கே இருக்கிறோம். நலம் என்று எழுதக் கை வரவில்லை. உங்கள் நாடு தண்ணீரில் ஒரு பக்கமும் சாயாமல் மிதக்கவும், அதன்மேல் எல்லோரும் சுகமாக இருக்கவும் வேண்டுகிறேன்.

இதுவும் நானே எழுதும் கடிதம்தான். காலையில் உட்கார்ந்தேன், வெயில் வாசலுக்கு வந்துவிட்டது. இத்தனை கவலையிலும் ஒவ்வொரு எழுத்தும் வந்து கோட்டின்மேல் உட்காரும்போது எனக்குச் சிரிப்பு வருகிறது. தவறாக நினைக்காதீர்கள். வயல் வேலை பார்த்தே கிழவனானவனுக்கு இது புதுசு. எழுதிப் பழகும்போது ஒரு 'ஞ' அழகாக விழுந்துவிட்டது என்று புஷ்பவள்ளியைக் கூப்பிட்டுக் காட்டினேன். "பொண்ணு கெடக்குற கெடையில உமக்கு ஞ ஒரு கேடா?" என்று கேட்டுவிட்டுப் போய்விட்டாள்.

பிரசவத்துக்கு இசைவாணியை அனுப்பச் சொல்லிக் கேட்ட போன கடிதத்தின் தப்புக்கு வருகிறேன். 'என் மகள்மேல் இரக்கம் காட்டுங்கள்' என்று எழுதத்தான் நினைத்தேன். மனம் இளகுங்கள் என்று பொருள். சின்ன ர போடவேண்டிய இடத்தில் பெரிய ற போட்டு 'இறக்கம்' என்று எழுதிவிட்டேன். எங்கள் வாயில் இரண்டுக்கும் ஒரே சத்தம்தான். உங்கள் நாட்டில் இறக்கம் என்றால், ஒருவரை வேண்டாத பாரம் என்று கரையில் விட்டு, மறுபடி ஏறவே விடாத தண்டனை என்று எனக்கு எப்படித் தெரியும்? கடிதம் கொண்டுவந்து கொடுக்கும் முதுநகர் படகுக்காரன் ராபர்ட் சொல்லித்தான் தெரிந்தது.

நீங்கள் எல்லோர் முன்னாலும் என் கடிதத்தைத் தூக்கிக் காட்டி, "பெத்த அப்பனே பொண்ண இறக்கச் சொல்லி எழுதிட்டாரு, நாம என்னாத்துக்குக் கட்டிக்கிட்டு அழணும்?" என்றீர்களாம். இசைவாணியோ, "அந்தப் பேர வாங்கிக்கினு நான் எறங்க மாட்டேன், புள்ள இங்கியே பொறக்கட்டும்" என்று சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துவிட்டாளாம். இதையெல்லாம் சொல்லிவிட்டு ராபர்ட், "யோவ் பெருசு, நீ எழுதக் கத்துக்காமயே இருந்திருக்கலாம்யா" என்றான். எழுத்துச் சொல்லிக்கொடுக்கும் பவானி டீச்சர் தலையில் அடித்துக்கொண்டார். இந்தக் கடிதத்தை அவரிடம் காட்டிவிட்டுத்தான் அனுப்புகிறேன்.

ராபர்ட் என் மகளைக் கண்ணால் பார்த்துவிட்டு வந்திருக்கிறான். முகமும் காலும் வீங்கியிருக்கிறது, மோதிரம் கழலவில்லை, ஓயாத தலைவலி, கண் முன்னால் பொறி பறக்கிறது என்கிறாளாம். அதை அப்படியே எங்கள் ஊர் நர்ஸம்மாவிடம் சொன்னேன். "தாத்தா, இது சும்மா வீக்கம் இல்ல, பிரஷர் ஜாஸ்தியா இருக்கும். இன்னிக்கே சிதம்பரத்துக்குக் கூட்டியாங்க" என்றார். கூடவே இன்னொரு சொல்லும் சொன்னார். அந்தச் சொல்லையும் எனக்கு எழுதத் தெரியும். எழுத மாட்டேன்.

உங்கள் நாடு இப்போது பிச்சாவரத்துக்கு நேர் கிழக்கே இருப்பதாக ராபர்ட் சொல்கிறான். ஐப்பசிக் காற்று திரும்பினால் தெற்கே இழுத்துக்கொண்டு போய்விடும். அப்புறம் அவன் படகால் எட்டிப் பிடிக்க முடியாதாம். செல்போன் டவரும் அங்கே எட்டாது.

உங்களைக் கல்நெஞ்சக்காரர் என்று நான் ஒருநாளும் நினைத்ததில்லை. கல்யாணத்துக்கு வந்தபோது உங்கள் தரை மெத்தைபோல அமுங்கி, நான் பயந்து மரத்தைக் கட்டிக்கொண்டு நின்றேன். நீங்கள்தான் சிரிக்காமல் என் கையைப் பிடித்துப் பந்தல்வரை நடத்திப் போனீர்கள். பாரம் கூடி மேற்கு ஓரம் முங்கிய வருஷத்தில் உங்கள் தம்பி குடும்பமே போனதை மாப்பிள்ளை ராஜவேல் சொல்லியிருக்கிறார். அதனால்தான் எடையை இப்படிக் காக்கிறீர்கள். தெப்பத்தில் பிறக்கும் பிள்ளை தாயின் பாரத்தில் அடக்கம், கரையில் பிறந்து ஏறும் பிள்ளை புதுப் பாரம், அதற்கு ஈடாக ஏதாவது இறங்கவேண்டும் என்ற உங்கள் சட்டத்தை நான் குறை சொல்லவில்லை.

இதற்கு வழி சொன்னது புஷ்பவள்ளி. நாங்கள் சீராகக் கொடுத்த வெண்கல அண்டாவையும் குத்துவிளக்கையும் கிரைண்டரையும் பெண்ணோடு படகில் ஏற்றிவிடுங்கள். பிறக்கப்போகும் பிள்ளை அவ்வளவு கனம் இருக்காது. மிச்ச எடை உங்கள் நாட்டுக்கே லாபம்.

முதலில் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. எங்கள் பக்கம் சீர் திரும்பி வந்தால் உறவு அறுந்தது என்று அர்த்தம். பெண்ணை வாழாவெட்டி என்பார்கள். நான் அதைச் சொன்னதும் அவள், "சொல்றவன் சொல்லட்டும். பொண்ணு பெருசா, அண்டா பெருசா?" என்று கத்தினாள். அப்புறம் அடுப்பங்கரையில் போய் அழுதாள். நீங்களும் சீரை அனுப்ப யோசிப்பீர்கள், மரியாதை தெரிந்தவர். யோசிக்கவேண்டாம். கேட்பது நாங்கள். ஊர் பார்க்க, மேளம் வைத்துக்கூட அந்த அண்டாவை வீட்டுக்குள் கொண்டுபோவேன்.

பிள்ளை பிறந்து, அவள் உடம்பு தேறியதும், உங்கள் நாடு எந்தக் கடலில் நின்றாலும் நானே கொண்டுவந்து விடுகிறேன். ஏற்றிக்கொள்வோம் என்று அவளிடம் உங்கள் வாயால் ஒரு வார்த்தை சொல்லுங்கள். நீங்கள் சொன்னால்தான் அவள் படகில் கால் வைப்பாள். இதையும் அவளுக்குப் படித்துக் காட்டுங்கள்: இசைவாணி, அப்பா உன்னைப் பாரம் என்று எழுதவில்லை, அம்மா. அப்பாவுக்கு எழுத்துத்தான் தப்பியது.

ராபர்ட் நாளை விடியலில் கிளம்புகிறான். திரும்பி வரும்வரை நாங்கள் இருவரும் முதுநகர் துறைமுகத்தில் ஆட்டோவோடு நிற்போம். உங்கள் கையெழுத்து முத்து முத்தாக இருக்கும், அதை எழுத்துக்கூட்டிப் படிப்பதில் எனக்கு அவ்வளவு ஆசை. ஆனாலும் சம்பந்தி, இதற்குப் பதில் எழுத உட்காராதீர்கள். அந்த நேரத்தில் அவளைக் கைத்தாங்கலாகப் படகுவரை நடத்திவிடுங்கள்.

உங்கள் குலம் தழைக்க வேண்டும் என்று கும்பிட்டு நிற்கும்,
பொன்னுரங்கம்.