குட்டிக்கு வயிற்றில் பை ஏது?

மார்ச் 4, செவ்வாய்

பழைய படகுத்துறைக்குக் கீழே, கடற்புல்லுக்குள், ஒரு கடல்குதிரை. என் கட்டைவிரலில் பாதி. பாசி நிறம், நெற்றியில் ஒரு முடிச்சு. புல்லில் வாலைச் சுற்றிக்கொண்டு, நீரோட்டம் இழுத்த பக்கமெல்லாம் புல்லோடு சேர்ந்து சாய்ந்தது. நான் இறங்கியது புல்லைக் கணக்கெடுக்க. அதை விட்டுவிட்டு இருபது நிமிடம் இதையே பார்த்தேன். படகுக்கார அண்ணன் மேலேயிருந்து கயிற்றை இரண்டு முறை இழுத்தார் — உயிரோடு இருக்கிறேனா என்று.

மார்ச் 5

ஆய்வக இயக்குநரிடம் அதன் புகைப்படத்தைக் காட்டினேன். முழுதாக நிமிரக்கூட இல்லை. சாதாரண வகையின் குட்டியாம். இந்தக் கடலில் கூடை கூடையாகக் கிடக்கிறதாம்.

துறைமுகத்தை நீட்ட அந்த இடத்தில் மண் அள்ளப்போகிறார்கள். புல் மொத்தமும் போய்விடும். அரிய உயிர் எதுவும் அங்கே இல்லை என்று எங்கள் ஆய்வகம் எழுதிக் கொடுக்க வேண்டும். இறங்கிப் பார்த்தவள் நான். ஆகவே கையெழுத்தும் நான்.

மார்ச் 10

அதே புல், அதே ஆள். இன்று வயிற்றைக் காட்டியது. உப்பிய பை.

கடல்குதிரையில் சுமப்பது ஆண். அந்தப் பை வளர்ந்த ஆணுக்குத்தான் வரும். குட்டிக்கு வயிற்றில் பை ஏது?

தண்ணீருக்குள் சிரித்து, முகமூடிக்குள் நீர் ஏறிவிட்டது.

அக்காவிடம் சொன்னேன். அவளுக்கு எட்டாம் மாதம். "ஆம்பளை சுமந்திருந்தா இந்நேரம் ஊரெல்லாம் சொல்லிக் காட்டியிருக்குமே. எப்படிடி இத்தனை நாள் யாருக்கும் தெரியாமப் போச்சு?" மாமா செய்தித்தாளுக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டார்.

மார்ச் 12

படம் செல்லாது என்கிறார் இயக்குநர். உடல் வேண்டும். ஸ்பிரிட் புட்டியில் போட்டு எண் கொடுத்தால்தான் சான்று. "அவ்ளோ நம்பிக்கை இருந்தா புடிச்சிட்டு வா."

அது இருக்கிறது என்று காட்ட, அதை இல்லாமல் ஆக்க வேண்டும். வயிற்றில் உள்ளவற்றோடு.

மார்ச் 13

இறங்கினேன். வலைப்பையைத் திறந்தேன். மூடினேன்.

மாட்டேன்.

மேலே வந்ததும் அண்ணன் காலிப் பையைப் பார்த்தார். "என்ன டாக்டரம்மா, கிடைக்கலையா?"

"கிடைச்சுது. எடுக்கல."

இயக்குநர் கேட்டால் கிடைக்கவில்லை என்றே சொல்லிவிடுவதாகச் சொன்னார். நல்ல மனுஷன். வேண்டாம்ணே என்றேன். எடுக்கவில்லை என்றே சொல்லுங்கள்.

மார்ச் 17

உடல்தானே வேண்டும்?

ஆய்வகத்தின் கீழ்த்தளம். பழைய சேகரிப்பு. தும்மிக்கொண்டே நான்கு அலமாரி. புட்டி 212: "சாதாரண வகை — குட்டிகள். பழைய படகுத்துறை." பத்தொன்பது வருடத்துக்கு முந்தைய தேதி. கீழே இயக்குநரின் கையெழுத்து. அன்று அவரும் என்னைப்போல ஒப்பந்த ஆள்.

பதினொன்று. எல்லாம் வெளுத்துப்போயிருந்தன. சின்னதாக இருந்ததையெல்லாம் ஒரே புட்டியில் போட்டு மூடியிருக்கிறார். ஒன்றையாவது திருப்பி வயிற்றைப் பார்க்கவில்லை. நான் லென்ஸ் வைத்து ஒவ்வொன்றாகத் திருப்பினேன். மூன்றுக்குப் பை. வால் வளையங்களை எண்ணினேன்: சாதாரண வகையைவிட நான்கு குறைவு. வளையம் வயதோடு கூடுவதில்லை; அப்படியென்றால் இது வேறு வகை. மறுபடி எண்ணினேன். நான்கு.

ஏன் சந்தோஷமாக இல்லை? கோபம்தான் வருகிறது. பத்தொன்பது வருஷம்யா!

மார்ச் 18

புட்டியை அவர் மேசைமேல் வைத்தேன். பக்கத்தில் லென்ஸ். நெடுநேரம் பார்த்தார். பிறகு, அறிக்கை வெள்ளிக்கிழமை போக வேண்டும் என்றார்.

"குட்டின்னு எழுதினா கையெழுத்துப் போட மாட்டேன் சார்."

"ஒப்பந்தம் இந்த மாசத்தோட முடியுது. தெரியும்ல?"

"தெரியும் சார்."

பேனாவை நீட்டினார். நான் வாங்கவில்லை.

மார்ச் 20

ஒரே பக்கம். ஆழம், வளையங்கள், புட்டி எண், படங்கள். என் பெயரில் துறைமுக அலுவலகத்துக்கு அனுப்பினேன். நகல் அவருக்கு. முறை இல்லை என்பார்கள். இருக்கட்டும்.

மார்ச் 21

வெள்ளி. யாரும் கூப்பிடவில்லை.

மார்ச் 31

ஒப்பந்தம் நீட்டிக்கப்படவில்லை. சாவியைக் கொடுப்பதற்கு முன் கீழ்த்தளத்துக்குப் போனேன். 212 அதன் இடத்துக்குத் திரும்பியிருந்தது. "குட்டிகள்" மேல் ஒரு கோடு. அடியில் அதே கையெழுத்து, கொஞ்சம் தளர்ந்து: "வளர்ந்தவை. வகை தெரியவில்லை." தேதி, மார்ச் 21.

மேலே போனேன். சாவிக்குப் பதிவேட்டில் கையெழுத்துப் போடச் சொன்னார் இயக்குநர். போட்டேன்.

ஏப்ரல் 6, ஞாயிறு

மண் அள்ளும் கப்பல் துறைமுக வாயிலில் சும்மா நிற்கிறது. மறு ஆய்வாம், யாரோ புது ஆள் செய்வாராம். அண்ணன் என்னைக் கூட்டிப்போனார். கேட்டால் மீன் பார்க்க வந்தோம் என்போம், பொய்யில்லையே என்றார்.

அதே புல். ஆளின் வயிறு தட்டை. சுற்றிலும் தேடினேன். பக்கத்துப் புல்தாளில், எறும்பளவில், வாலைச் சுற்றிக்கொண்டு ஒன்று.

இது குட்டி. இதற்குக் கையெழுத்துப் போடுவேன்.