உன் லாரியையும் அழித்துவிட்டேன், அருளு

என் செல்லத் தம்பி அருளுக்கு,

நீ உயிரோடு இருந்தவரை உனக்கு நான் ஒரு வரிகூட எழுதியதில்லை. ஒரே வீட்டில் இருப்பவனுக்கு யார் கடிதம் எழுதுவார்கள்? உன்னை ஏசுவதற்கு எனக்கு வாய் போதுமானதாக இருந்தது. இப்போது நீ போய் ஒரு வருஷத்துக்கு மேல் ஆன பிறகு, நாலு பேர் படிக்கிற இடத்தில் எழுதுகிறேன். படிக்கட்டும். உன்னைப் பற்றி நான் தப்பாகச் சொல்லி வைத்திருந்ததைத் திருத்த வேண்டும்.

முதலில் சேதியைச் சொல்லிவிடுகிறேன், கோபப்படாதே. போன சனிக்கிழமை உன் கம்ப்யூட்டரில் இருந்த கேம் எல்லாவற்றையும் எடுத்துவிட்டேன். துப்பாக்கி கேம், பந்து விளையாட்டு, ஊர் கட்டுகிற விளையாட்டு, அம்மா சிரித்துச் சிரித்து வேடிக்கை பார்ப்பாளே அந்த மீன்பிடி விளையாட்டு, கடைசியில் உன் லாரி. ஒன்றும் மிச்சமில்லை.

அன்றைக்கு நம்ம ஊர் இருந்த இருப்பைச் சொன்னால்தான் உனக்குப் புரியும். வெள்ளிக்கிழமை முழுக்க விடாத மழை. சனிக்கிழமை காலையில் எங்கள் ஆபீஸ் தெருவில் இடுப்பளவு தண்ணீர். முதலாளி அண்ணாச்சி ஒன்பதரை மணிக்கு போன் பண்ணினார். "ரோஸ்லின், ஆபீஸ் பக்கம் யாரும் வரமுடியாது. பூக் கம்பெனி கண்டெய்னர் நேத்தே ஹார்பருக்குள்ள போயிட்டு. பேப்பர்தான் பாக்கி. சாயங்காலம் அஞ்சு மணிக்குள்ள அனுப்பலைன்னா பெட்டிய ஏத்தமாட்டான். ஒங்க வீட்ல சிஸ்டம் இருக்குல்லா? நம்ம சாப்ட்வேர அதுல போட்டு முடிச்சிருங்கம்மா."

பூக் கம்பெனி என்றால் எது என்று உனக்குத் தெரியும். நான் நாலு வருஷம் வேலை பார்த்த அதே ஷெட். காய்ந்த பூ, தாமரைக் காய், தேங்காய் மட்டைச் சீவல் எல்லாவற்றுக்கும் சாயம் ஏற்றி, வாசனை போட்டு, வெளிநாட்டுக்கு அனுப்புகிற இடம். அந்தத் தூசிதான் என் நெஞ்சில் இறங்கி இளைப்பு வந்தது. ஏற்றுமதிப் பேப்பர் வேலை படித்து அங்கிருந்து வெளியே வந்தேன். ஆனால் என்னோடு இருந்த பெண்கள் இன்னும் அங்கேதான் இருக்கிறார்கள். இந்தக் கப்பலை விட்டால் அடுத்த கப்பல் பத்து நாள் கழித்து. அந்த ஈரத்தில் பத்து நாள் கிடந்தால் பூ என்ன ஆகும்? பூசணம் பிடித்துவிடும். ஷெட்டுக்குத் திருப்பி அனுப்பினால் அத்தனையையும் உட்கார்ந்து பிரித்துப் பொறுக்கவேண்டியவர்கள் அவர்கள்தான்.

உன் மேசை முன்னால் உட்கார்ந்து கம்ப்யூட்டரைப் போட்டேன். சாப்ட்வேரை ஏற்றப் பார்த்தால், இடம் இல்லை என்று ஒரு கட்டம் வந்து நின்றது. நானாக யோசித்து, முகப்பில் இருந்த உன் கேம் படங்களை ஒவ்வொன்றாக அழித்தேன். திரை சுத்தமாகிவிட்டது. மறுபடியும் ஏற்றினேன். மறுபடியும் அதே கட்டம். மணி பதினொன்று. வெளியே மழை இன்னும் நிற்கவில்லை. கரண்ட் எந்த நிமிஷம் போகுமோ என்று அம்மா மெழுகுவர்த்தி தேடிக்கொண்டிருந்தாள், பட்டப்பகலில்.

எனக்கு காஜாதான் நினைவுக்கு வந்தான். உன் காயல்பட்டினத்துக் கூட்டாளி, துபாயில் இருந்துகொண்டு ஆன்லைனில் உன்னோடு சேர்ந்து லாரி கேம் ஓட்டியவன். நீ போன சேதியைச் சொன்னபோது போனிலேயே உடைந்து அழுதவன். அதற்குப் பிறகு அவனிடம் நான் பேசியதில்லை. வாட்ஸாப்பில் கூப்பிட்டேன். இரண்டாவது மணியிலேயே எடுத்தான்.

"காஜா, கேம் எல்லாத்தையும் அழிச்சிட்டேன். ஆனா இடம் வரமாட்டேங்குது."

கேமராவைத் திரைப் பக்கம் திருப்பச் சொன்னான். பார்த்துவிட்டுச் சிரித்தான். "அக்கா, நீங்க அழிச்சது வாசல்ல மாட்டியிருக்க போர்டு. அதக் கழட்டினா வீடு போயிருமா? கேம் எல்லாம் உள்ளதான் இருக்கு."

பிறகு அவன் சொல்லச் சொல்ல நான் அழுத்தினேன். நீ கேம்களை எல்லாம் சேர்த்து வைத்திருந்த அந்த நீலத் திரை திறந்தது. இடது பக்கம் பெயர்கள். ஒன்றைத் தொட்டால், அதைக் கடைசியாக எப்போது விளையாடினாய் என்று மேலே காட்டுகிறது. பந்து விளையாட்டைத் தொட்டேன். எடுத்தேன். துப்பாக்கியைத் தொட்டேன். எடுத்தேன். நாலாவதைத் தொடும்போதுதான் கவனித்தேன். எல்லாவற்றிலும் ஒரே மாதம். மூன்று வருஷத்துக்கு முந்தைய மே மாதம். அதற்குப் பிறகு நீ எதையும் திறக்கவே இல்லை.

அந்த மே மாதத்தில்தான் நான் பேப்பர் வேலை படிக்க, கம்ப்யூட்டரிலேயே நடக்கிற சாயங்கால வகுப்பில் சேர்ந்தேன்.

"காஜா, ஏன் எல்லாத்துலயும் ஒரே மாசம் இருக்கு?"

"அத விடுங்க அக்கா. அடுத்தத அழுத்துங்க."

"இல்ல, சொல்லு."

"சொல்லக்கூடாதுன்னு சத்தியம் வாங்கியிருந்தான். இனி யாருகிட்ட மறைக்க..." என்று இழுத்தான். அப்புறம் சொன்னான். "ஒரு வெள்ளிக்கிழமை. எனக்கு அன்னைக்கு லீவு. லைன்ல ஒக்காந்து காத்துக்கிட்டு இருக்கேன். இவன் வந்து, 'காஜா, இனிமே நான் வரமாட்டேன்ல. அக்கா கோர்ஸ் சேந்திருக்கா, சாயங்காலம் சிஸ்டம் அவளுக்கு வேணும்'னான். 'ஒரு மணி நேரம் கேட்டு வாங்குல'ன்னேன். 'கேட்டா குடுத்துருவா, பொறவு அவ படிக்கமாட்டா. அதான் கேமு அலுத்துப்போச்சுன்னு சொல்லிட்டேன். ஏசி ஏசியே என்னைத் திருத்திட்டதா நெனச்சுக்கிட்டுத் திரியுதா. நெனச்சுட்டுப் போகட்டும், சந்தோசமா இருக்காள்லா'ன்னு சொல்லிச் சிரிச்சான்."

அருளு, நான் அப்படித்தான் திரிந்தேன். துறைமுகத்தில் நாள் முழுக்க ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிவிட்டு வந்து, குளித்த ஈரத்தோடு அந்த நாற்காலியில் நீ உட்காரும்போதெல்லாம், "ஏலே, அங்கனயும் வண்டி, இங்கனயும் வண்டியா? ஒனக்கு வேற பொழப்பே இல்லியா?" என்று கத்துவேன். நீ திரும்பாமலே, "அங்கன நாப்பது அடிக்கு மேல ரோடு கிடையாது அக்கா, இதுல நாடு நாடா போலாம்" என்பாய். ஒரு நாள் திடீரென்று எழுந்து, "அலுத்துப்போச்சு, நீயே வச்சுக்கோ" என்று சொன்னபோது எனக்குத் தலைகால் புரியவில்லை. என் ஏச்சு பலித்தது என்று தெருவெல்லாம் சொன்னேன். உன் அடக்கத்துக்கு வந்திருந்த சித்தியிடம்கூட, அந்த அழுகைக்கு நடுவிலும் சொன்னேன். "கேம் பைத்தியமா இருந்தவன், நான் சொல்லித்தான் விட்டான்."

உன் சவப்பெட்டி பக்கத்தில் நின்றுகொண்டு அப்படிச் சொன்னேன். அதை நினைத்தால் இப்போது எனக்கு எங்கே போய் முகத்தை வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

சரி, எனக்கு வேலை கிடைத்த பிறகு? ஆபீஸில் தனி கம்ப்யூட்டர் வந்துவிட்டது. சாயங்காலம் உன் மேசை காலியாகத்தானே கிடந்தது? ஏன் திரும்பப் போய் உட்காரவில்லை? அதற்குள் உனக்கு நிஜமாகவே அலுத்துவிட்டதா? இல்லை, நான் ஊரெல்லாம் பரப்பி வைத்திருந்த பெருமையைக் கெடுக்க வேண்டாம் என்று இருந்துவிட்டாயா? இதை காஜாவிடமும் கேட்டேன். அவனுக்கும் தெரியவில்லை.

கல்யாணம் முறிந்து நான் திரும்பி வந்த நாளும் அப்போது மனதுக்கு வந்தது. ஆட்டோவில் இருந்து இறங்கத் துணிவில்லாமல் உட்கார்ந்திருந்தேன். அக்கம்பக்கத்து ஜன்னலெல்லாம் திறந்திருந்தது. நீ வெளியே வந்து பையை வாங்கிக்கொண்டு, "சாளை மீன் கொழம்பு, ஆறிரப்போகுது, வா" என்றாய். ஏன் வந்தாய், எத்தனை நாள் இருப்பாய், ஒரு வார்த்தை கேட்கவில்லை. அன்றைக்கும் உனக்கு நான் நன்றி சொல்லவில்லை. தம்பிதானே, செய்யட்டும் என்று இருந்துவிட்டேன்.

மணி ஒன்றரை ஆகியிருந்தது. எல்லாம் எடுத்தாகிவிட்டது, லாரி மட்டும் பாக்கி. சாப்ட்வேரை ஏற்றிப் பார்த்தேன், இன்னும் இடம் போதவில்லை. மற்ற எல்லாம் சேர்ந்து பிடித்த இடத்தை அந்த ஒரு லாரி பிடித்துக்கொண்டிருந்தது. அதைத் தொட்டேன். நீ ஓட்டிய மொத்த நேரம் காட்டியது, ஆயிரத்து இருநூறு மணி நேரம். என்னால் அழுத்த முடியவில்லை.

"இத வச்சுக்கிடலாமா காஜா?"

"ஒங்க இஷ்டம் அக்கா. அழிச்சாலும் அவன் பேரு என் பிரெண்ட்ஸ் லிஸ்ட்ல அப்படியேதான் இருக்கும். நான் எடுக்கமாட்டேன்."

அம்மா பின்னால் வந்து நின்றதை நான் பார்க்கவில்லை. காஜா சொன்னதையெல்லாம் கேட்டிருக்கிறாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "ஏளா, மணியப் பாத்தியா?" என்றாள்.

"இது அவன் லாரி, அம்மா."

"தெரியும். அவன் எதுக்கு அந்த நாக்காலிய விட்டு எந்திரிச்சான்? நீ ஒக்காந்து வேல பாக்கத்தான? பொறவு என்னத்துக்குத் தயங்குத? அழுத்து."

அழுத்தினேன். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. ஆயிரத்து இருநூறு மணி நேரம் அவ்வளவு சீக்கிரம் போய்விட்டது. அழலாம் என்றால் நேரம் இல்லை. சாப்ட்வேர் ஏறியது. இன்வாய்ஸ், பேக்கிங் லிஸ்ட், ஷிப்பிங் பில் என்று ஒவ்வொன்றாகத் தட்டினேன். மூன்று மணிக்கு விளக்கு ஒருமுறை கண் சிமிட்டியது. அம்மா, "மாதாவே" என்று சத்தம் போட்டாள். நல்லவேளை, கரண்ட் போகவில்லை. நாலு நாற்பதுக்குக் கடைசித் தாளை அனுப்பினேன். ஐந்துக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போது கப்பல் கம்பெனியில் இருந்து பதில் வந்தது. பெட்டி ஏறும்.

காஜா அதுவரை லைனிலேயே இருந்தான். அவனுக்கு அன்று வேலை நாள்; முதலாளியிடம் என்ன சொன்னானோ. "முடிஞ்சுதா அக்கா? அல்ஹம்துலில்லாஹ்" என்று சொல்லிவிட்டுத்தான் வைத்தான். உனக்கு நல்ல கூட்டாளி வாய்த்திருக்கிறான், தம்பி. அதையும் நான் கவனித்திருக்கவில்லை.

திங்கட்கிழமை ஷெட்டில் இருந்து சரஸ்வதி போன் பண்ணினாள். "ஏளா ரோஸு, பெட்டி போயிட்டாம்லா! மழையில எல்லாம் நாறிரும்னு நாங்க பயந்துக்கிட்டே கெடந்தோம். நீதான் அனுப்புனியாமே?" என்றாள். நான் இல்லை, என் தம்பி என்றேன். அவளுக்குப் புரியவில்லை. அதனால் முழுக்கதையையும் சொன்னேன். சாயங்காலம் சித்தி வீட்டுக்கும் தண்ணீரில் நடந்தே போய்ச் சொல்லிவிட்டு வந்தேன். சித்தி, "அவன் அப்படித்தான்டி" என்று மட்டும் சொன்னாள். ஆக, எல்லோருக்கும் நீ தெரிந்திருக்கிறாய். ஏசிக்கொண்டே இருந்த எனக்குத்தான் தெரியவில்லை.

உன் அடக்கத்தில் நான் அழுதது இழப்புக்காக. இந்த வாரம் அழுதது வேறு. வருத்தம் இருக்கிறது, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் அதைவிட, இப்படி ஒருவன் எனக்கென்று இருந்திருக்கிறான் என்ற நிறைவு பெரிதாக இருக்கிறது. நான் வாங்கும் மூச்சு இப்போது இளைப்பில்லாமல் வருகிறது. அதில் பாதி உன் சாயங்காலங்கள்.

இன்று காலையில் அம்மா எனக்கு இட்லி வைத்தாள். சட்னி ஊற்றும்போது அவள் கையைப் பிடித்து, "அம்மா, ரொம்ப நன்றிம்மா" என்றேன். இத்தனை வருஷத்தில் முதல் தடவை. அம்மா என்னைப் பயந்துபோய்ப் பார்த்தாள். கரண்டியைக் கீழே வைத்துவிட்டு, புறங்கையால் என் நெற்றியைத் தொட்டு, "ஏளா, காய்ச்ச கீச்ச அடிக்கா ஒனக்கு?" என்றாள்.

அடித்தாலும் சரி, நாளைக்கும் சொல்வேன். நாளை மறுநாளும் சொல்வேன். காஜாவிடம், சரஸ்வதியிடம், எனக்காக ஓசைப்படாமல் ஒதுங்கி நிற்கிற எல்லோரிடமும், அவர்கள் காது கேட்க இருக்கும்போதே சொல்லிவிடுவேன். உனக்கு நான் கொடுக்கிற வாக்கு இது.

உன்னை ஏசத் தெரிந்த அளவுக்கு உன்னை அறியத் தெரியாமல் போன,
உன் ஒரே அக்கா,
ரோஸ்லின்