பலகையில் இருந்த பெயர்

மார்ச் 3, செவ்வாய்

டயர் கடைத் திறப்பு விழா. கத்தரிக்கோல் மொட்டை. மூன்று முறை முயன்றும் ரிப்பன் வெட்டுப்படவில்லை. "ரெண்டு பிளேனைச் சுட்டு வீழ்த்தினவருக்கு ரிப்பன் ஒரு விஷயமா சார்" என்றார் கம்பெனி மேலாளர். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சேர்ந்து சிரித்து வைத்தேன்.

விமானப்படையிலிருந்து ஓய்வு பெற்றபின் இந்தக் கம்பெனியில் எனக்கு ஆலோசகர் பதவி. ஆறு வருடமாகிறது. இதுவரை ஒருவரும் ஓர் ஆலோசனையும் கேட்டதில்லை. காலண்டரில் என் படம் வரும், மார்பில் பதக்கத்தோடு. அதுதான் வேலை.

அலுப்பாக இருக்கிறது. ஐம்பத்தாறு வயதுக்கு இவ்வளவு அலுப்பு கூடாது.

மார்ச் 9, திங்கள்

முழங்கால் வலி. எங்கும் போகவில்லை.

மார்ச் 14, சனி

காலையில் ஒரு பெண் வந்தாள். இருபத்தெட்டு வயது இருக்கும், பள்ளியில் கணக்கு டீச்சர். செருப்பை வாசலில் விட்டுவிட்டு உள்ளே வரத் தயங்கி நின்றாள். அப்பா பெயரைச் சொன்னதும் உள்ளே கூப்பிட்டு உட்காரச் சொன்னேன்.

வாத்தின் மகள்.

போரில் என் பக்கத்து விமானம் அவனுடையது. குள்ளம். முதுகில் பாராசூட்டை மாட்டிக்கொண்டு அசைந்து அசைந்து நடப்பான், அதனால் வாத்து. நான் அவனுக்கு நெட்டை. அவனைக் கடைசியாகப் பார்த்து முப்பது வருடம் இருக்கும்.

அவனுக்கு நுரையீரல் கெட்டுவிட்டதாம். டாக்டர் மாதக் கணக்கில்தான் சொல்கிறாராம். போரின் முப்பதாவது ஆண்டுக்காக எங்கள் ஸ்குவாட்ரன், அதாவது விமானப் பிரிவு, போடும் மலரில், போரில் பறந்தவர்கள் பட்டியலில், அவன் பெயர் இல்லை. முன்னாள் வீரர் சங்கச் செயலாளரிடம் நான் ஒரு வார்த்தை சொன்னால் சேர்ப்பார்கள் என்று யாரோ அவளுக்குச் சொல்லியிருக்கிறார்கள்.

"அப்பா எதுவும் கேக்கல அங்கிள். நான் வந்தது அவருக்குத் தெரியாது. அன்னிக்கு அவர் பாதியில திரும்பி வந்தது தப்புதான். நான் இல்லேங்கல. ஆனா ஒரு தடவை பயந்துட்டா அவர் மனுஷனே இல்லைன்னு ஆயிடுமா?"

என் முகத்தைப் பார்த்துக் கேட்டாள். செயலாளரிடம் பேசுகிறேன் என்று சொல்லி அனுப்பினேன். வாசலில் திரும்பி நின்று நன்றி சொல்லிவிட்டுப் போனாள். எனக்கு நன்றி.

மார்ச் 15, ஞாயிறு

எழுதிவிடுகிறேன். இத்தனை வருட நாட்குறிப்பில் ஒரு முறைகூட எழுதாதது.

எந்த விமானத்தை யார் ஓட்டுவது என்று அறைச் சுவரிலிருந்த பலகையில் சாக்பீஸால் எழுதியிருக்கும். அன்று ஏழு எனக்கு. பன்னிரண்டு அவனுக்கு. போய் ஏறினால் பன்னிரண்டின் இருக்கை கீழேயே சிக்கிக்கொண்டது, உயரவில்லை. உள்ளே உட்கார்ந்தால் அவனுக்கு வெளியே ஒன்றும் தெரியாது. "நீ என்னுதை எடுத்துக்கோ, நான் உயரம், சமாளிச்சுக்கிறேன்" என்றேன். ஏழில் அவன் ஏறினான். பன்னிரண்டில் நான்.

விமானம் மாறினால் பலகையிலும் மாற்ற வேண்டும். அது இருவரில் மூத்தவனின் பொறுப்பு. அதாவது நான். நேரமில்லை, வந்து மாற்றிக்கொள்ளலாம் என்று விட்டேன். அதை எல்லோரும் செய்வோம்.

இருபது நிமிடம் பறந்திருப்போம். எஞ்சின் சத்தம் சரியில்லை என்று ரேடியோவில் சொல்லிவிட்டுத் திரும்பினேன்.

எஞ்சின் நன்றாகத்தான் இருந்தது.

அதற்கு முன் பதினோரு முறை போயிருந்தேன். பின்பு ஒன்பது முறை போனேன். அந்த ஒரு முறை மட்டும் ஏன்? தெரியவில்லை. வலது கை தானாக அசைந்தது. அது என் கைதானா என்று பார்த்துக்கொண்டிருந்தேன், அது பாட்டுக்கு விமானத்தைத் திருப்பிவிட்டது. இல்லை — கையின் மேல் என்ன பழி. நான்தான் திருப்பினேன்.

அவன் தனியாகப் போனான். இரண்டை வீழ்த்திவிட்டு வந்து இறங்கினான். அன்று மாலை எங்கள் ஓடுதளத்தின் மேல் குண்டு விழுந்தது. யாரும் அறிக்கை எழுதவில்லை. துப்பாக்கியோடு சேர்ந்த கேமராவின் பிலிமை ஜீப்பில் தலைமையகத்துக்கு அனுப்பியிருந்தார்கள். பிலிமில் விமானத்தின் எண் இருக்கும், ஓட்டியவன் முகம் இருக்காது. அங்கிருந்து போனில் கேட்டார்கள்: ஏழில் யார்? இங்கே எவனோ பலகையைப் பார்த்துச் சொன்னான்.

வானொலியில் என் பெயர் வந்தபோது வாத்து என் எதிரில் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்தான். நாளைக்குச் சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். அடுத்த வாரம் தலைமையகத்திலிருந்து ஓர் உத்தரவு வந்தது: பன்னிரண்டு காரணமில்லாமல் திரும்பியது, ஓட்டியவனைப் பறப்பதிலிருந்து நீக்குக. அவனைச் சாமான் கிடங்குக்கு மாற்றினார்கள். அதற்குள் எனக்குப் பதக்கம் உறுதியாகிவிட்டது. வாயைத் திறந்தால் திரும்பி வந்தவன் நான் என்று ஆகும்.

திறக்கவில்லை. அவ்வளவுதான். முப்பது வருடம் ஓடிவிட்டது.

மார்ச் 21, சனி

செயலாளருக்கு இன்றும் போன் செய்யவில்லை. என்ன ஆள் நான்.

மார்ச் 28, சனி

சங்கத்தின் ஆண்டு விழா. முன்வரிசையில் எனக்குச் சோபா. பேசக் கூப்பிட்டார்கள். எழுதி வைத்திருந்ததைப் பையிலேயே விட்டுவிட்டு மைக்கைப் பிடித்தேன். "அந்த இரண்டு விமானங்களை வீழ்த்தியது நான் இல்லை. என்னோடு பறந்தவன். பதக்கம் அவனுக்கு வர வேண்டியது."

சொல்லிவிட்டேன். முதுகு முழுக்க வியர்வை.

எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். செயலாளர் என் கையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டார். "இந்த மனசு யாருக்கு வரும் சார்? கூடப் பறந்தவருக்கே புகழைத் தூக்கிக் குடுத்துட்டீங்களே." இல்லை, நிஜமாகவே அவன்தான் என்றேன். "அதான் சார், அதான் உங்க பெருந்தன்மை" என்றார்.

திரும்பி வந்ததைப் பற்றி நான் சொல்லவில்லை. சோபாவில் போய் உட்கார்ந்தேன்.

மார்ச் 30, திங்கள்

பத்திரிகையில் கால் பக்கம். "வெற்றியைத் தோழருக்குக் காணிக்கையாக்கிய மாவீரர்." டயர் கம்பெனி மேலாளருக்குத் தலைகால் புரியவில்லை. அடுத்த காலண்டரில் இரண்டு பக்கமாம்.

மாலையில் வாத்தின் மகள் போன் செய்தாள். மலரில் பெயர் சேர்த்துவிட்டார்களாம். "அப்பாகிட்ட பேப்பரைக் காட்டினேன் அங்கிள். இருமல் வர்ற வரைக்கும் சிரிச்சார். ஏன்னு கேட்டா சொல்ல மாட்டேங்கறார்."

ஏப்ரல் 2, வியாழன்

போனேன். வாத்தின் வீடு மூன்றாம் மாடி, லிஃப்ட் இல்லை. முழங்கால் ஒவ்வொரு படிக்கும் என்னைத் திட்டியது.

ஜன்னலை ஒட்டிய கட்டிலில் இருந்தான். மூக்கில் குழாய். பாதியாகிவிட்டான். ஏற்கெனவே பாதிதான்.

"வா நெட்டை. பாதி உண்மையைச் சொல்லி முழுக் கைதட்டல் வாங்கிட்டியாமே."

மகள் டீ போடப் போயிருந்தாள். நீ ஏன் யாரிடமும் சொல்லவில்லை என்று கேட்டேன். கேட்டதும் எனக்கே வெட்கமாகிவிட்டது.

"சொன்னேனே. பலகையில அப்படி இல்லையேன்னாங்க. சரி, நெட்டை வந்து சொல்லுவான்னு சொல்லிட்டு வந்தேன்." மூச்சு வாங்கிக்கொண்டான். "உன்னைக் கூப்பிட்டுக் கேட்டிருப்பாங்கன்னு நெனச்சேன்."

கேட்கவில்லை. யாரும் என்னைக் கேட்கவே இல்லை. முப்பது வருடம் அதையே எனக்குச் சாக்காகச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"அன்னிக்கு எஞ்சின்ல என்ன?" என்றான்.

"ஒண்ணுமில்லடா."

"தெரியும். இருக்கையைச் சரி பண்ணி மறுநாள் அதே பன்னிரண்டைத்தான் நான் ஓட்டினேன். அருமையா ஓடிச்சு."

அவ்வளவு நாளாகத் தெரிந்திருக்கிறது அவனுக்கு. கோபமாக ஏதாவது சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். அவன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

"எனக்குப் பதக்கம் வேண்டாம் நெட்டை. வெச்சு என்ன பண்ண. அவ சின்னப் பிள்ளையா இருக்கும்போது ஸ்கூல்ல யாரோ சொல்லிட்டாங்க, உங்கப்பா பயந்து ஓடி வந்தவர்னு. வந்து என்கிட்ட கேட்டா. இல்லம்மான்னு சொன்னேன். நம்பின மாதிரி தலையாட்டினா. இன்னிக்கும் அப்படித்தான் ஆட்டிட்டு இருக்கா."

டீ வந்தது. மூவரும் குடித்தோம். அவளிடம் அங்கேயே சொல்லியிருக்கலாம். சொல்லாமல் படி இறங்கி வந்தேன்.

ஏப்ரல் 4, சனி

மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். கத்தியை வைத்துவிட்டு நெடுநேரம் கையைத் துடைத்துக்கொண்டே இருந்தாள்.

"எங்கப்பா அந்தப் பதக்கத்தைப் பார்த்துத்தான் என்னைக் குடுத்தார்."

"நீ?"

"நான் உயரத்தைப் பார்த்தேன். என்னத்தைக் கண்டேன்" என்றாள். பிறகு அழுதாள். பிறகு மீதிக் காயையும் நறுக்கினாள்.

மகனிடமும் போனில் சொன்னேன். அவனும் விமானப்படையில் விமானிதான். "இத்தனை வருஷம் கழிச்சு எதுக்குப்பா? இங்க என்னை எல்லாரும் உங்க பேரைச் சொல்லித்தான் கூப்பிடறாங்க. நாளைக்கு எந்த முகத்தோட போய் நிப்பேன்?" நான் பதில் சொல்வதற்குள் வைத்துவிட்டான்.

அவன் கேட்டதில் தப்பில்லை.

ஏப்ரல் 20, திங்கள்

விமானப்படை ஆவணக் காப்பகம். என் லாக் புக்கையும் ஒரு கடிதத்தையும் கொண்டு போனேன். ஒவ்வொருவரும் தன் பறத்தலைத் தன் கையால் எழுதும் புத்தகம் அது. அன்றைய தேதியில் என் கையெழுத்திலேயே இருக்கிறது: விமானம் பன்னிரண்டு. நாற்பது நிமிடம். திரும்பினேன். அன்று இரவு வானொலி கேட்பதற்கு முன் எழுதியது. அதற்குப் பிறகு அந்தப் பக்கத்தை நான் புரட்டியதில்லை.

எழுத்தர் கடிதத்தை இரண்டு முறை படித்தார். "பதக்கம் வேணும்னு வர்றவங்களைப் பார்த்திருக்கேன் சார். வேணாம்னு வர்றவரை இப்பத்தான் பாக்கறேன். இதுக்கு ஃபாரமே இல்லையே."

வெள்ளைத்தாளில் எழுதிக் கொடுத்தேன். எஞ்சினில் பழுது இல்லை, பயந்து திரும்பினேன் என்று. "பயந்து"ன்னு போட்டே ஆகணுமா சார், "உடல்நலக் குறைவு"ன்னு போட்டா மரியாதையா இருக்குமே என்றார். நல்ல மனிதர். வேண்டாம் என்றேன். பதக்கத்தை மேசையில் வைத்தேன், அதற்கு ஒரு ரசீது கொடுத்தார்.

மே 12, செவ்வாய்

டயர் கம்பெனியிலிருந்து கடிதம். என் சேவைக்கு நன்றியாம். விஷயம் பரவிவிட்டது. கடைத்தெருவில் சங்கத்து ஆள் ஒருவர் என்னைப் பார்த்ததும் எதிர்ப்பக்கம் போய்விட்டார். வலித்தது. வலிக்காது என்று நினைத்திருந்தேன்.

மே 19, செவ்வாய்

மகன் பேசவில்லை. அம்மாவிடம் மட்டும் பேசுகிறான்.

ஜூன் 11, வியாழன்

ஆவணக் காப்பகத்தின் திருத்தம் தபாலில் வந்தது. எனக்கு ஒரு பிரதி, வாத்துக்கு ஒன்று. ஒரே பத்தி. ஏழாம் எண் விமானத்துக்கு எதிரே அவன் பெயர். பன்னிரண்டுக்கு எதிரே என் பெயர், பழுதின்றி அச்சத்தால் திரும்பினார். மூக்குக்கண்ணாடி போட்டு ஒரு முறை படித்தேன், போதும் என்று மடித்தேன்.

நான்கு மணிக்குப் போன். அவன் மகள். 

"அப்பாவால படிக்க முடியல. நான்தான் படிச்சுக் காட்டினேன். ரெண்டாவது தடவையும் படிக்கச் சொன்னார்."

"படிச்சியாம்மா?"

"படிச்சேன். உங்க பேர் வர்ற இடத்துல கையைப் பிடிச்சு நிறுத்திட்டார். அதை விட்டுட்டுப் படிம்மா, அவன் பாவம்னு சொல்றார். நான் என்ன பண்ணட்டும்?"

மடித்த தாளை மறுபடி பிரித்தேன்.

"விடாம படிம்மா" என்றேன். "அவன் காதுல விழற மாதிரி, முழுசா படி."